ஜெஹானும் எங்கள் முடுக்கும்

ஜெஹான் பெர்னாண்டோ பொய் சொல்லிப் பிழைக்கிறவன். ‘கூம்பியோ’ நாடகம் 2017இல் ஐ.டி.என். தொலைக்காட்சியில் வார இறுதி இரவுகளில் ஓடத் தொடங்கியபோது, ஒருகொடவத்தையில் அவனை முதலில் பிடித்துக்கொண்டவர்கள் சிங்களத்தைத் தாய்மொழி போலப் பேசும் எங்கள் தமிழ்ப் பிள்ளைகள். பிறகு, பாதி புரிந்தும் பாதி புரியாமலும் அம்மாமார் உட்கார்ந்தார்கள். சிங்கள நாடகம் என்றாலே எழுந்து வெளியே போய்விடும் அப்பாமார்கூடக் கடைசியில் கதவடியில் நின்று பார்த்தார்கள். லக்மால் தர்மரத்ன இயக்கிய அந்த நாடகத்தில் துமிந்து தொடந்தென்ன ஜெஹானாக நடித்தார். கலன குணசேகர பிரியந்தவாக வந்தார். கொழும்புக்கு வரும் கிராமத்துப் பையன் பிரியந்த. ஜெஹானின் கையில் அகப்பட்டு, அவனோடு சேர்ந்து இந்த நகரத்தின் வயிற்றுக்குள் போகிறான். கூம்பியோ என்றால் சிங்களத்தில் எறும்புகள்; அப்படிப் பெயர் வைத்த நாடகம் அது. யார் யாரை மிதிக்கிறார்கள் என்பதைப் பார்த்துக்கொண்டே போகும்.

குற்றவாளியை நடுவில் நிறுத்தி, அவனை நேசிக்கவும் வைத்து, நேசித்ததற்காகச் சங்கடப்படவும் வைக்கும் கதைகள் உலகத் தொலைக்காட்சிக்குப் புதிதில்லை. அமெரிக்காவில் ‘த சோப்ரானோஸ்’ 1999இலேயே தொடங்கிவிட்டது. ‘பிரேக்கிங் பேட்’ 2008இலிருந்து 2013 வரை ஓடியது. அவற்றைப் பார்த்தவர்கள் கொழும்பில் உண்டு. ஆனால் அந்த ரசனை கொள்ளுப்பிட்டி, பம்பலப்பிட்டிப் பக்கத்து டீவிடிக் கடைகளோடு நின்றது. களனி ஆற்றுக்கு இந்தப் பக்கம், எண்ணெய்த் தாங்கிகளுக்கும் கொள்கலன் யார்டுகளுக்கும் நடுவில் குடியிருக்கும் எங்களிடம் அப்படி ஒரு மனிதன் ஜெஹான் வழியாகத்தான் முதலில் நாடக வடிவில் வந்தான். அதற்கு முன் எங்களிடம் இருந்தது சினிமா. சினிமாவையும் வீடியோ ‘டெக்’கில் பார்த்தோம்.

ஐ.டி.என். 1979 ஏப்ரல் 13இல் தொடங்கியது. ஜப்பான் உதவியோடு ரூபவாஹினி 1982 பெப்ரவரி 15இல் வந்தது. இரண்டிலும் தமிழுக்குக் கிடைத்த நேரம் கொஞ்சம். அந்தக் கொஞ்சத்திலும் செய்தியும் பாட்டும் போக, நாடகம் என்று எதிர்பார்க்க அதிகம் இருக்கவில்லை. அதனால் எண்பதுகளின் கடைசியில் எங்கள் முடுக்கில் ஒரு வழக்கம் இருந்தது. டீவியையும் டெக்கையும் சேர்த்து ஓர் இரவுக்கு வாடகைக்கு எடுப்பார்கள். வீட்டுக்கு இவ்வளவு என்று காசு சேரும். கொட்டாஞ்சேனை வீடியோக் கடையிலிருந்து மூன்று கசெட் வரும். முதலில் ஒரு சாமிப் படம், அது ஆச்சிமாருக்கு. இரண்டாவது குடும்பப் படம். சின்னவர்கள் பாயில் தூங்கி விழுந்த பிறகு மூன்றாவதாக அடிதடிப் படம். படத்தில் கோடு விழுந்தால், டெக்கைத் திறந்து, ஓடிகொலோனில் நனைத்த புதுத் தாள் காசால் ஹெட்டைத் துடைக்கத் தெரிந்த ஓர் அண்ணன் கட்டாயம் இருப்பார். அவர் கையை வைக்கும்போது யாரும் மூச்சுவிட மாட்டார்கள்.

மணிரத்னத்தின் ‘நாயகன்’ அந்த மூன்றாவது இடத்தில்தான் வந்தது. 1987இல் வெளியான படம். பம்பாயில் வாழ்ந்த வரதராஜ முதலியாரின் வாழ்க்கையிலிருந்து பிறந்தது என்பார்கள். தாராவியின் சந்துகளைப் பார்த்தபோது எங்களில் யாருக்கும் அது வேறு நாடாகத் தெரியவில்லை. ஒரு பக்கம் கால்வாய், ஒரு பக்கம் தகரச் சுவர், ஒரே பைப்புக்கு வரிசை, பொலிஸ் வந்தால் ஒரே நேரத்தில் சாத்தப்படும் கதவுகள். கடைசியில் பேரன் தாத்தா வேலு நாயக்கரிடம் கேட்கும் ‘நீங்க நல்லவரா கெட்டவரா’ என்ற கேள்வியை எங்கள் முடுக்கில் பல நாள் விளையாட்டாகக் கேட்டுக்கொண்டு திரிந்தார்கள். விடை தெரியாது என்று வேலு நாயக்கர் சொல்வதைத்தான் நான் பல காலம் யோசித்தேன். நல்லவனா கெட்டவனா என்று பெயர் வைக்காமல் ஒரு மனிதனை விட்டுவிடலாம் என்று எங்களுக்கு யாரும் அதற்கு முன் காட்டியதில்லை. பள்ளிக்கூடமும் காட்டவில்லை, கோயிலும் காட்டவில்லை.

ஆனாலும் அந்தக் காலத்துக் கதை ஒரு கணக்கை முடித்துவிட்டுத்தான் எழும்பும். நீதிமன்றம் விட்டாலும் துப்பாக்கி விடாது. ஊர் அழும், ஆள் சாவான், நாங்கள் நிம்மதியாகத் தூங்கப் போவோம். கதை எங்களை வீட்டுக்குக் கொண்டுவந்து விட்டுவிடும்.

பிறகு வந்த ஆண்டுகளில் குற்றக் கதை பார்க்க எங்களுக்கு மனம் இருந்ததா என்று கேட்டால், எண்ணெய்த் தாங்கிகளைத்தான் முதலில் சொல்ல வேண்டும். 1995 அக்டோபர் 20இல் கொலன்னாவையிலும் ஒருகொடவத்தையிலும் இருந்த எண்ணெய்க் கிடங்குகளைப் புலிகள் தாக்கினார்கள். தீ எரிந்தது. கரும்புகை கொழும்பின் மேலே நின்றது. அதற்குப் பிறகு இந்தப் பக்கத்தில் தமிழில் பேசிக்கொண்டு நடப்பதே கவனமாகச் செய்ய வேண்டிய காரியமாகிவிட்டது. அடையாள அட்டை, பொலிஸ் பதிவுத் துண்டு, வீட்டில் தங்கியிருப்பவர்களின் பட்டியல் எல்லாம் கதவுக்குப் பக்கத்தில் கைக்கெட்டும் இடத்தில் இருக்கும். ஊரிலிருந்து மாமா வந்து தங்கினால் முதலில் சோறு போடுவதா, பொலிஸுக்குப் போவதா என்ற கேள்வி வரும். 2007 ஜூன் 7இல் கொழும்பு விடுதிகளில் தங்கியிருந்த 376 தமிழர்களை பஸ்களில் ஏற்றி நகரத்தை விட்டு அனுப்பினார்கள். அடுத்த நாள் உயர் நீதிமன்றம் தலையிட்டுத் தடுத்தது. வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் அன்றைக்குப் பெட்டியைக் கட்டி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தவர்கள் இன்றைக்கும் அந்த இரவைப் பற்றிப் பேசுவார்கள்.

அப்படி ஒரு காலத்தில், ராத்திரி கதவைத் தட்டும் சத்தம் டீவியிலிருந்து வந்தாலும் அம்மா எழுந்து உட்காருவார். சந்தேக நபர் என்ற சொல்லைச் செய்தியில் கேட்டால் எங்கள் வீட்டில் யாராவது ஒருவர் டீவியைக் குறைப்பார்கள். நாங்களே சந்தேக நபர்களாக வாழ்ந்தோம். திரையில் இன்னொரு சந்தேக நபரைப் பார்த்து ரசிக்க எங்கிருந்து மனம் வரும்? சிங்கள நாடகங்களில் தமிழன் வந்தால் இரண்டு விதமாகத்தான் பெரும்பாலும் வந்தான். சிங்களத்தைக் கடித்துக் குதறிச் சிரிப்புக் காட்டும் கடைக்காரன் ஒருவன். குண்டு வைக்கிறவன் மற்றவன். நல்லவனும் கெட்டவனும் ஒரே உடம்பில் இருக்கலாம் என்ற மரியாதை எங்களுக்குக் கிடைக்கவில்லை. சிங்களத் திரைப்பட இயக்குநர் தர்மசேன பத்திராஜ போன்ற ஒருவர் 1977இல் ‘பொன்மணி’ படத்தைத் தமிழிலேயே எடுத்தார், 1978இல் ‘பம்பரு அவித்’ எடுத்தார். அவரைப் போன்றவர்கள் விதிவிலக்கு. அந்த விதிவிலக்கின் பெருமையை நான் குறைக்கவில்லை.

1998இல் சக்தி டீவி வந்ததும் வீடுகளில் தமிழ் நிறைந்தது. அது பெரிய ஆறுதல். தமிழ்நாட்டிலிருந்து வந்த தொடர்களில் நாகா இயக்கிய ‘மர்மதேசம்’ வரிசையை நான் தனியாக வைப்பேன். இந்திரா சௌந்தர்ராஜன் எழுதிய ‘விடாது கருப்பு’ கதையில் ஊர்க்காரர்களைக் கருப்பசாமி தண்டிக்கிறாரா, காயம்பட்ட ஒரு மனிதமனம் தண்டிக்கிறதா என்று கடைசி வரை இழுத்துக்கொண்டு போவார்கள். தண்டிக்கப்படுகிறவன் தண்டனைக்கு உரியவனாகவே தெரிவான், தண்டிக்கிறவன் மீது இரக்கமும் வரும். இவ்வளவு நல்ல தமிழ்த் தொடர் அதற்குப் பிறகு பல ஆண்டு வரவில்லை. மாமியார்களும் மருமகள்களும் வந்தார்கள். அதில் வில்லிகளுக்கு மட்டும் நிறைய வேலை இருந்தது.

இந்தப் பின்னணியோடு 2017க்கு வர வேண்டும். அந்த ஆண்டு ஏப்ரல் 14, சித்திரைப் புத்தாண்டு தினம். எங்களிடமிருந்து எட்டிப் பார்க்கும் தூரத்தில் மீதொட்டமுல்லைக் குப்பை மேடு சரிந்தது. 32 பேர் செத்தார்கள். நகரம் முழுவதின் குப்பையையும் பல ஆண்டுகளாகக் கொண்டுவந்து கொட்டிய இடம் அது. அங்கே குடியிருந்தவர்கள் வேண்டாம் வேண்டாம் என்று ஊர்வலம் போனவர்கள். பலகாரம் சுட்ட வீடுகள் மண்ணுக்குள் போயின. அந்த மரணங்களுக்கு யார் குற்றவாளி? குப்பையைக் கொட்டியவரா, கொட்டச் சொன்னவரா, ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டவரா, ஓட்டுக் கேட்டு வந்தவரா? ஒரு பெயரும் நிற்கவில்லை. அதே ஆண்டில்தான் ஜெஹான் திரைக்கு வந்தான். அவன் ஏமாற்றுகிறவன், ஆனால் அவனால் ஏமாற்றப்படுகிறவர்களில் பெரிய பெரிய ஏமாற்றுக்காரர்கள் இருந்தார்கள். அரசாங்கத்தின் கையில் இருக்கும் ஒரு சனல் அதை ஒளிபரப்பியது என்பதைச் சேர்த்துச் சொல்ல வேண்டும். எங்கள் பக்கத்தில் அந்த நாடகம் ஏன் தீப்பிடித்தது என்பதற்கு எனக்கு இதைவிடப் பெரிய காரணம் தெரியவில்லை.

இன்னொரு காரணமும் இருக்கிறது. அது விலாசம். ஒருகொடவத்தை, வெல்லம்பிட்டி, கிராண்ட்பாஸ், தெமட்டகொடை என்று விலாசம் எழுதி வேலைக்கு விண்ணப்பித்துப் பார்த்தவர்களுக்குத் தெரியும். நேர்முகத்துக்குப் போனால், தாளில் ஓடிக்கொண்டிருந்த கண் ஓரிடத்தில் நிற்கும். “ஓ, அந்தப் பக்கமா?” என்பார்கள். பிறகு புன்னகை, பிறகு அறிவிக்கிறோம் என்ற வார்த்தை. வெள்ளவத்தையில் இருக்கும் சித்தியின் விலாசத்தைப் போட்டு வேலை எடுத்த பிள்ளைகளை எனக்குத் தெரியும். அவர்கள் சொன்னது பொய்தான். அந்தப் பொய்யால் ஒரு குடும்பம் சாப்பிட்டது. சட்டையையும் பேச்சையும் மாற்றி வேறொரு ஆளாக நிற்கும் ஜெஹானைப் பார்த்து அந்தப் பிள்ளைகள் சிரித்த சிரிப்பில் அடையாளம் கண்டுகொண்ட சந்தோஷம் இருந்தது.

பேஸ்லைன் வீதிப் பக்கத்துத் தேத்தண்ணிக் கடையில் ஒருநாள் நடந்த பேச்சு நினைவில் நிற்கிறது. சீனி டின்னில் சாய்த்து வைத்த போனில் யூடியூபில் பழைய எபிசோட் ஓடிக்கொண்டிருந்தது. த்ரீவீல் ஓட்டும் அண்ணன் ஒருவர், பக்கத்தில் ஓஎல் பரீட்சை எழுதிவிட்டு ரிசல்ட்டுக்குக் காத்திருந்த பையன்.

“அண்ணே, அவன் செய்றது பிழைதானே?” என்று பையன் கேட்டான்.

“பிழைதான் தம்பி.”

“அப்ப ஏன் நீங்க அவன் மாட்டக்கூடாதெண்டு பாக்கிறீங்க?”

அண்ணன் கிளாசை வைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் போனையே பார்த்தார். “அவன் மாட்டினா மத்தவனெல்லாம் தப்பிருவான் தானே” என்றார்.

பையன் அதை ஒத்துக்கொள்ளவில்லை. அப்படியென்றால் இரண்டு பேரும் மாட்ட வேண்டும் என்றான். அந்தப் பிடிவாதம் எனக்குப் பிடித்திருந்தது. ‘நாயகன்’ பார்த்த இரவில் எங்களில் யாரும் அப்படிக் கேட்கவில்லை. நாங்கள் அழுதுவிட்டுப் படுத்தோம். இன்றைய பிள்ளைகள் ஒவ்வோர் எபிசோடுக்குப் பிறகும் வழக்கு நடத்துகிறார்கள். முப்பது நாற்பது வாரம் ஒரு மனிதனோடு வாழும்போது, அவன் செய்த நல்லதும் கெட்டதும் தனித்தனியாகக் கணக்கில் ஏறுகின்றன. மூன்று மணிநேரப் படம் அந்த அவகாசத்தைத் தராது. நீண்ட தொடரின் பலம் அதில்தான் இருக்கிறது. கெட்டவனை நல்லவனாக்கிக் காட்டுவது எளிது. இரண்டையும் கடைசி வரை கையில் பிடித்துக்கொண்டிருக்கத்தான் எழுத்தாளருக்குத் திறமை வேண்டும்.

பொருளாதார நெருக்கடியோடு 2022 வந்தது. மார்ச் கடைசியில் ஒரு நாளுக்குப் 13 மணிநேரம் கரண்ட் இல்லை. டீவி சுவரில் கறுப்பாகத் தொங்கியது. பெட்ரோல் வரிசை, காஸ் வரிசை. அந்த மாதங்களில்தான் எங்கள் வீடுகளில் தொலைக்காட்சிப் பெட்டி தன் ஆட்சியை இழந்தது என்று நினைக்கிறேன். கரண்ட் வரும் நேரத்தில் போனைச் சார்ஜ் பண்ணி, இருட்டில் படுத்துக்கொண்டு, ஆளுக்கொரு இயர்போனைக் காதில் வைத்துப் பார்க்கத் தொடங்கினார்கள். பாயில் இருபது பேர் உட்கார்ந்து பார்த்த முடுக்கில், ஒரே படுக்கையில் மூன்று பேர் மூன்று கதை பார்த்தார்கள்.

புஷ்கர்–காயத்ரி உருவாக்கிய ‘சுழல்’ தொடர் அந்த ஆண்டு ஜூன் 17இல் அமேசான் பிரைமில் வெளியானது. முப்பதுக்கும் மேற்பட்ட மொழிகளில் போனது. எங்களுக்கு அது தமிழில், எங்கள் காதுக்குள் நேராக வந்தது. அதில் நான் மதிப்பது நந்தினியின் பாத்திரம். ஐஸ்வர்யா ராஜேஷ் நடித்தார். தன் குடும்பத்துக்குள்ளேயே நடந்த கொடுமைக்குக் காரணமானவனைக் கொல்கிறாள். 2025 பெப்ரவரி 28இல் வந்த இரண்டாம் பருவத்தில் அவள் சிறைக்குள் இருக்கிறாள். முதல் பருவம் அவளை நியாயப்படுத்தியதோடு கதையை மூடியிருக்கலாம். கைதட்டலும் கிடைத்திருக்கும். இரண்டாம் பருவம் அவளை வழக்குக்கும் சிறைச்சுவருக்கும் நடுவில் கொண்டுபோய் நிறுத்தியது. இரண்டாவது முதலாவதைவிட நல்ல தொடர் என்று நான் சொல்ல மாட்டேன். பல இடத்தில் இழுவை. ஆனாலும் கொலைக்குப் பிறகு ஒரு பெண்ணுக்கு என்ன நடக்கிறது என்று பார்க்க அது மனம் வைத்தது.

இதற்குள் நிஜம் நாடகத்தை முந்தி ஓடிக்கொண்டிருந்தது. பாதாளக் கோஷ்டித் தலைவன் மாகந்துரே மதூஷ் 2019 பெப்ரவரியில் துபாயில் பிடிபட்டான். மேயில் நாட்டுக்குக் கொண்டுவந்தார்கள். 2020 அக்டோபர் 20இல் பொலிஸ் காவலில் இருக்கும்போதே மாளிகாவத்தையில் சுடப்பட்டுச் செத்தான். 2025 பெப்ரவரி 19இல் புதுக்கடை நீதிமன்றத்துக்குள் சட்டத்தரணி வேடத்தில் வந்த ஒருவன் கணேமுல்லே சஞ்சீவ என்ற பாதாளக் கோஷ்டிக்காரனைச் சுட்டுக் கொன்றான். புத்தகத்தின் பக்கங்களைக் குடைந்து துப்பாக்கியை உள்ளே கொண்டுவந்தார்கள் என்று பொலிஸ் சொன்னது. இதை ஒரு திரைக்கதையில் எழுதியிருந்தால் நம்பும்படி இல்லை என்று திருப்பி அனுப்பியிருப்பார்கள்.

எனக்குப் பயம் இங்கேதான். எங்கள் பிள்ளைகளின் போனில் ஜெஹானும் வருகிறான், பாதாளக் கோஷ்டிக்காரனின் பிறந்தநாள் வீடியோவும் வருகிறது. இரண்டுக்கும் பின்னால் அதே பாட்டுப் போடுகிறார்கள். ஒன்றில் எழுதியவரின் பொறுப்பு இருக்கிறது. மற்றதில் தங்கச் சங்கிலியும் காரும் மட்டும் இருக்கின்றன. குடு, ஐஸ் என்ற போதைகள் எங்கள் முடுக்குகளிலிருந்து எத்தனை பிள்ளைகளைத் தின்றுவிட்டன என்று இங்கே வீடு வீடாகச் சொல்லலாம். அந்த அம்மாமாருக்கு முன்னால் உட்கார்ந்துகொண்டு, குற்றவாளியை மனிதனாகக் காட்டுங்கள் என்று பேச எனக்கு நா கூசுகிறது. கூசினாலும் பேசத்தான் வேண்டும். அந்த அம்மாமாரின் பிள்ளைகளும் குற்றவாளிகள் என்றுதான் எழுதப்பட்டார்கள். அவர்களை மனிதராகக் காட்டிய ஒரு கதையும் வரவில்லை. சங்கிலி வீடியோவுக்கு ஈடுகொடுக்க, செய்தியில் வரும் கைவிலங்குப் படம் போதாது. மகனுக்கு ரிஹாப்பில் இடம் தேடி அலையும் அப்பாவையும், அவர் பொக்கற்றிலிருந்து காசு எடுக்கும் மகனையும், இரண்டு பேரையும் வெறுக்க முடியாதபடி எழுத ஓர் ஆள் வேண்டும்.

அந்த ஆள் தமிழில் எழுத வேண்டும். இலங்கைத் தமிழில், கொழும்புத் தமிழில். எங்கள் பிள்ளைகளுக்கு ஜெஹான் சிங்களத்தில் கிடைத்தான், நந்தினி தமிழ்நாட்டிலிருந்து கிடைத்தாள். இரண்டு பேரையும் சொந்தம் கொண்டாடுகிறோம், அதில் குறையில்லை. ஆனால் “என்ன செய்ற, எங்க போற” என்று எங்கள் வாயால் பேசிக்கொண்டு, எங்கள் முடுக்கில் பொய் சொல்லிப் பிழைக்கும் ஒருவன் எந்தத் திரையிலும் இல்லை. சந்தேக நபராகப் பல காலம் இருந்துவிட்டோம். சிக்கலான மனிதராக இருக்கும் உரிமையும் எங்களுக்குச் சேர வேண்டியதுதான்.

கதை தேடி எங்கேயும் போக வேண்டாம். ஒருகொடவத்தை இன்றைக்கு வேறு முகம் காட்டுகிறது. 2021 நவம்பரில் திறந்த புதிய களனிப் பாலத்தின் தூண்களும் வளைவுகளும் வீடுகளின் தலைக்கு மேலே போகின்றன. கீழே கொண்டெய்னர் லொறிகள் வரிசையாக நிற்கின்றன. சுங்கத்தின் சோதனை யார்டு இங்கேதான். 2025 ஜனவரியில் 323 கொள்கலன்கள் பரிசோதிக்கப்படாமல் வெளியே விடப்பட்ட விவகாரம் நாடாளுமன்றம் வரை போனது. அந்த யார்டுகளில் நாள்கூலிக்கு மூட்டை இறக்குகிறவர்களும், வாசலில் சோற்றுப் பார்சல் விற்கிறவர்களும், லொறி இலக்கத்தை எழுதி வைக்கும் பொடியன்களும் எங்கள் ஆட்கள். ஒரு பொடியன் ஒரு நாள் ஓர் இலக்கத்தை எழுதாமல் விட்டால் ஒரு பருவத்துக்குக் கதை இருக்கிறது.

‘கூம்பியோ’வை ஒளிபரப்பிய அதே ஐ.டி.என். நிறுவனத்தின் கையில்தான் வசந்தம் டீவியும் இருக்கிறது. 2009இலிருந்து தமிழுக்கென்று நடக்கும் சனல் அது. பத்தரமுல்லையில் ஒரே வளாகத்தில் சிங்களத்தில் எடுக்கத் துணிந்ததைத் தமிழிலும் எடுக்க ஒரு வரவு செலவும் ஒரு நேரமும் ஒதுக்கச் சொல்லிக் கேட்க வேண்டும். கொட்டாஞ்சேனையிலும் வெள்ளவத்தையிலும் போனிலேயே குறும்படம் எடுத்துக்கொண்டிருக்கும் பிள்ளைகள் கேட்கட்டும். திரைக்கதையைக் கையில் வைத்துக்கொண்டு கேட்கட்டும். கதையில் பொலிஸ் வருமே, அமைச்சர் வருவாரே என்று தயங்கினால், 2017இல் அதே சனலில் எல்லாரும் வந்தார்கள் என்று எடுத்துச் சொல்லட்டும்.